மருமகனே, ரிமோட்டை இப்படிக் குடு

மருமகனே, உன் வீட்டுல பத்து நாள் உக்காந்து சாப்பிட்டு, கண்ணுக்குச் சொட்டு மருந்து விட்டுக்கிட்டு ஊர் வந்து சேந்தவன் எழுதுறேன். சோறு போட்ட வீட்டைக் குறை சொல்லக் கூடாதும்பாங்க. அது விருந்தாளிக்கு. தாய்மாமனுக்கு அந்தச் சட்டம் கெடையாது. உன்னை மடியில வச்சுக் காது குத்துனப்ப நீ என் பட்டு வேட்டியை நனைச்சது 1984-ல. அந்தக் கடனுக்கு வட்டி ஏறிக்கிட்டே இருக்கு. இன்னைக்குக் கொஞ்சம் வசூல் பண்ணிக்கிறேன்.

விசயம் அந்த வியாழக்கிழமை ராத்திரிச் சங்கதிதான். கண்ணாடி அலமாரியைத் தொறந்து ரெண்டு கையாலயும் ஒரு பெட்டியை எடுத்தியே, நான் நெலப் பத்திரமோன்னு நெனச்சேன். நெலப் பத்திரத்தைக்கூட உங்க தாத்தா அரிசிப் பானைக்குள்ளதான் போட்டு வச்சிருந்தார். இப்படி ஏந்துனதில்ல. "மாமா, இது 4கே ரீமாஸ்டர். ஒரிஜினல் நெகட்டிவ்லேர்ந்து எடுத்தது"ன்ன. நான் ஒரு கண்ணைப் பொத்திக்கிட்டு உன்னைப் பார்த்தேன். நீ மூஞ்சியைத் தூக்கி வச்சுக்கிட்ட.

கோவிக்காதய்யா. நானும் அப்பத்தான் ரீமாஸ்டர் ஆகி வந்திருந்தேன். புரை எடுத்த இடது கண்ணுல உங்க வீட்டுச் சுவரு வெள்ளை. எடுக்காத வலது கண்ணுல அதே சுவரு டீத்தண்ணி. இத்தனை வருசமா நான் வெள்ளைன்னு நம்பிக் கட்டிக்கிட்டிருந்த வேட்டி அம்புட்டும் பழுப்புன்னு எழுவத்தி நாலு வயசுலதான் தெரியுது. உங்க அத்தை பாவம், அவ வெளுத்துக் குடுத்தது எல்லாம் வெள்ளைதான். என் கண்ணுதான் காவி போட்டிருந்துச்சு. வேற சோலி இல்லாம மாத்தி மாத்திக் கண்ணைப் பொத்தி உலகத்தைச் சரிபாத்துக்கிட்டு இருந்தேன். பழைய பிரிண்ட், புது பிரிண்ட். பழைய பிரிண்ட், புது பிரிண்ட்.

அதனால ரீமாஸ்டர்னா என்னன்னு எனக்கு நீ பாடம் எடுக்க வேண்டியதில்ல.

சரி, பெட்டியைப் பார்த்தேன். கிரைட்டீரியன்னு ஒரு அமெரிக்கக் கம்பெனிக்காரன் 2016-ல போட்டது. விம் வெண்டர்ஸ்னு ஒரு ஜெர்மன்காரர் எழுபதுகள்ல வரிசையா எடுத்த மூணு ரோட்டுப் படம். 'அலைஸ் இன் தி சிட்டீஸ்', 'ராங் மூவ்', கடைசியா 1976-ல வந்த 'கிங்ஸ் ஆஃப் தி ரோடு'. அமெரிக்கா வட்டு நம்ம நாட்டுப் பிளேயர்ல ஓடாதாம். அதுக்குன்னு எல்லா நாட்டு வட்டும் ஓடுற பிளேயர் ஒண்ணு தனியா வாங்கியிருக்க. ரோட்டுல திரியுறவன் கதையைப் பாக்குறதுக்கே பாஸ்போட்டு வேணும் போலன்னு நெனச்சுக்கிட்டேன். வெளிய சொல்லல. அப்ப உன் பொஞ்சாதி அந்தப் பிளேயரோட வெலையை யோசிச்சுக்கிட்டு இருந்தா.

4கே, 4கேன்னு நாலு வாட்டி சொன்னியே, அட்டையைத் திருப்பிப் பாத்தியா? நெகட்டிவை ஸ்கேன் பண்ணது 4கே. குறுக்குவாட்டுல நாலாயிரம் புள்ளி. உன் கையில இருக்குறது ப்ளூ ரே. அதுல 1920 புள்ளிதான். கெணறு 4கே, நீ எறைச்ச வாளி அதுல பாதி. அதுக்காக அந்தத் தண்ணி மோசமில்ல. சட்டியில இருந்தாத்தான் அகப்பையில வரும். சட்டி நல்லா இருக்குறதால உன் வாளிக்கும் நல்ல தண்ணிதான் வந்திருக்கு. அந்தச் சட்டியைக் காப்பாத்துனது வெண்டர்ஸே. அவரும் அவர் சம்சாரமும் 2012-ல சொந்த ஊரு டுஸ்ஸெல்டார்ஃப்ல ஒரு அறக்கட்டளை வச்சு, படம் ஒவ்வொண்ணா சுத்தம் பண்ணிக்கிட்டு வர்றாங்க. மனுசன் முப்பது வயசுல எடுத்ததை எழுவது வயசுல தானே தொடச்சு வைக்கிறார். நம்ம ஊர்ல தாத்தா செஞ்சு வச்ச கலப்பையைப் பேரன் அடுப்புல வச்சுட்டுத்தான் மறு சோலி பாப்பான்.

அதுல கடைசிப் படம், 'கிங்ஸ் ஆஃப் தி ரோடு', அதைப் போட்ட. ரெண்டு நிமிசத்துல எனக்கு வயித்தைக் கலக்குச்சு. உன் பொஞ்சாதி வச்ச மீன் கொழம்பு காரணமில்ல. திரையில லாரி போகுது. ஆனா லாரி மாதிரி போகல, விலாங்கு மாதிரி வழுக்கிக்கிட்டுப் போகுது. சாயங்காலம் உங்க அம்மா பாக்குற சீரியல்ல மருமக மாடிப்படி எறங்குவாளே, அந்த வழுவழுப்பு. "என்னப்பா இது?"ன்னேன். "டிவியே தானா ஸ்மூத் பண்ணிக்குது மாமா, மோஷன் ஸ்மூத்திங்"னு பெருமையாச் சொன்ன.

இதைக் கேட்டதும் எனக்கு ஆபரேட்டர் புத்தி வந்துருச்சு. பதினெட்டு வருசம் டூரிங் டாக்கீஸ்ல கேபினுக்குள்ள வெந்தவன் நான். சினிமா எப்படி ஓடுதுன்னு நெனைக்க? ஓடவே ஓடாது மருமகனே. நிக்கும். ஒரு செகண்டுக்கு இருபத்தி நாலு வாட்டி நிக்கும். மெஷினுக்குள்ள மால்டீஸ் கிராஸ்னு ஒரு சாமான் எண்ணெயில மிதந்துக்கிட்டு கெடக்கும். உள்ளங்கைக்குள்ள அடங்குற இரும்புச் சிலுவை. சக்கரத்துல ஒரு முள்ளு இருக்கும். அது சுத்தி வந்து சிலுவையோட காடிக்குள்ள விழுந்து கால் வட்டம் திருப்பும். பிலிம் ஒரு கட்டம் எறங்கும். முள்ளு வெளிய வந்துரும், சிலுவை அப்படியே பூட்டிக்கிட்டு நிக்கும். அது எறங்குற நேரத்துல ஷட்டர் வந்து வெளிச்சத்தை மறைச்சுரும். ஜனங்க பாக்குறது நின்ன படத்தை மட்டுந்தான். எம்ஜிஆர் வாளு சொழட்டுனதும் சரோஜாதேவி ஓடுனதும் எல்லாம் நின்னுக்கிட்டுத்தான்.

அந்த மூணு மணி நேரப் படம் பிலிம்ல ஏறக்குறைய அஞ்சு கிலோமீட்டர் நீளம். ரெண்டரை லட்சம் கட்டம். ரெண்டரை லட்சம் வாட்டி அந்தச் சிலுவை நின்னாத்தான் ஒரு ஷோ முடியும். ராபி முல்லர்னு ஒரு டச்சுக்காரர் காமிரா புடிச்சிருக்கார். ஒரு கட்டத்துக்கும் அடுத்த கட்டத்துக்கும் நடுவுல என்ன இருக்குன்னு அவரு எடுக்கல. எடுக்காதது எடுக்காததுதான். உன் டிவி என்ன பண்ணுது? நடுவுல இதாத்தான் இருக்கும்னு தானே ஒரு கட்டத்தை வரைஞ்சு சொருகுது. ஒரிஜினல் நெகட்டிவ்லேர்ந்து எடுத்தாங்கன்னு காசைக் கொட்டி வாங்கிட்டு, முல்லர் எடுக்காத படத்தை முல்லர் படம்னு பாக்குற. பால்ல தண்ணி ஊத்துறவனைக் கண்டா சண்டைக்குப் போற. வாங்குன பால்ல நீயே ஊத்துனா எப்படி?

அப்பதான் ரிமோட்டைக் கேட்டேன். நீ குடுக்கல.

அடுத்தது அந்த ஜூம். ரெண்டு பக்கமும் லேசா கறுப்புப் பட்டை இருக்குன்னு உனக்குப் பொறுக்கல. காசு குடுத்த டிவி, முழுசா நெறையணும்னு ஒரு பொத்தானை அமுக்குன. மேல வானத்துல ஒரு முழம், கீழ ரோட்டுல ஒரு முழம் போச்சு. படத்தோட ஆரம்பத்துலயே எழுத்துப் போட்டுச் சொல்றார் மனுசன்: கறுப்பு வெள்ளை, 1.66 அகலம், எடுத்த எடத்துலயே பதிவு பண்ண சத்தம், 1975-ல லூனெபர்க்லேர்ந்து ஹோஃப் வரைக்கும் கிழக்கு ஜெர்மனி எல்லையை ஒட்டியே எடுத்ததுன்னு. இப்படி அளவை எழுதிக் குடுத்தும் துணியை வெட்டுற டெய்லரை நான் உன் வீட்டுலதான் பாக்குறேன்.

இனி கதைக்கு வருவோம். கதைன்னு நீ தேடுனது அதுல இல்லன்னு உனக்கு ஒரு மணி நேரத்துல தெரிஞ்சுபோச்சு. மூணு வாட்டி மணியைப் பார்த்த. ஒரு வாட்டி கொட்டாவியைக் கையால மறைச்ச. நான் ரீமாஸ்டர் ஆன கண்ணால அதையும் பார்த்தேன்.

புரூனோன்னு ஒருத்தன். மேல சட்டை இல்லாம தொளதொளன்னு ஒரு மெக்கானிக் டங்கிரி மாட்டிக்கிட்டு, பழைய சாமான் ஏத்துற லாரி ஒண்ணுலயே குடியிருக்கான். எல்லைக்கோட்டு ஓரமா இருக்குற சின்னச் சின்ன ஊரு தியேட்டர்கள்ல புரொஜெக்டர் ரிப்பேர் பண்றது அவன் தொழில். இதை நீ எங்கிட்ட முன்னாடியே சொல்லல பாரு, அதுதான் எனக்கு வருத்தம். "ரோடு மூவி மாமா, கல்ட் கிளாசிக்"ன்ன. ஏ மடையா, இது எங்க ஆளு கதை! எங்க டாக்கீசுக்கும் ஒருத்தர் வருவார். மதுரையிலேர்ந்து பஸ்ல எறங்கி, தகரப் பெட்டியைத் தலையில வச்சுக்கிட்டு நடந்தே வருவார். அதிகம் பேச மாட்டார். மெஷின் ஓடும்போது ஒரு விரலைக் கேட் மேல இருக்குற பிலிம் வளையத்துக்குப் பக்கத்துல கொண்டுபோய்க் காதை வச்சுக் கேப்பார். "சிலுவை முள்ளு தேஞ்சிருக்கு"ம்பார். பிரிச்சுப் பார்த்தா தேஞ்சிருக்கும். கூலியை எண்ணாம சட்டைப்பையில வச்சுக்கிட்டு, டீயை மட்டும் சூடா இருக்கான்னு பாத்துக் குடிச்சுட்டுப் போயிருவார். அவருக்கு ஒரு வீடு, வாசல், பொண்டாட்டி இருந்துச்சான்னு பதினெட்டு வருசத்துல ஒருத்தனும் கேட்டதில்ல. புரூனோவைப் பார்த்த ராத்திரி எனக்கு அந்த மனுசனை நெனச்சுத்தான் தூக்கம் வரல. ஏசி குளுருன்னு உங்கிட்ட பொய் சொன்னேன்.

நானும் ஒரு வகையில ரோட்டு ராஜாதான். டூரிங் டாக்கீஸ் லைசென்ஸ் முடிஞ்சா கூடாரத்தைப் பிரிச்சு, மெஷினைச் சாக்குல சுத்தி மாட்டு வண்டியில ஏத்தி அடுத்த ஊருக்குப் போவோம். வண்டியில மெஷின் மேல சாஞ்சு தூங்குனவன் நான். எங்க பயணத்தை எவனும் படம் எடுக்கல. எடுத்திருந்தா அதையும் நீ அமெரிக்காவுலேர்ந்துதான் வரவழைச்சிருப்ப.

படத்துல இன்னொருத்தன், ராபர்ட், வர்ற காட்சி. போக்ஸ்வாகன் வண்டுக் காரை மூச்சு முட்ட ஓட்டிக்கிட்டு வந்து நேரா எல்பே ஆத்துக்குள்ள விடுறான். பொண்டாட்டியைப் பிரிஞ்சு வந்த ஆத்திரம். புரூனோ கரையில சவரம் பண்ணிக்கிட்டே பாக்குறான். கார் ஒடனே முங்கல. மெதக்குது. உள்ள இருக்குறவனுக்குச் சாகவும் வழியில்ல, கௌரவமாத் திரும்பவும் வழியில்ல. கூரை வழியா ஏறி, பெட்டியைத் தூக்கிக்கிட்டு, தண்ணிக்குள்ள எறங்கி நடந்து வர்றான். கடைசியில சிரிப்புதான். ஒருத்தன் பேரை ஒருத்தன் கேக்கல. நனைஞ்சவனுக்கு மாத்துத் துணி குடுத்து வண்டியில ஏத்திக்கிறான், அம்புட்டுதான். நீ அங்கன என்ன சொன்ன? "மாமா, தண்ணி டீடெய்ல் பாருங்க, ஒவ்வொரு அலையும் தெரியுது." தெரியுதுய்யா. சாகப் போனவன் மூஞ்சியும் தெரிஞ்சுச்சு. அதைப் பாத்தியா?

அப்புறம் வெள்ளை மணல்ல புரூனோ குந்துன காட்சி. நீ "ச்சே"ன்னு மூஞ்சியைத் திருப்பிக்கிட்ட. உன் பொஞ்சாதி அடுப்படிக்குப் போயிட்டா. நான் அசையல. கம்மாய்க்கரையில எழுவது வருசமாப் பாக்காததை அந்த ஜெர்மன்காரன் என்ன புதுசாக் காட்டிறப் போறான்? லாரியில வாழுறவன் பொழப்பைக் காட்டணும்னா அதையும் காட்டித்தான ஆகணும். சினிமாவுல வர்ற லாரி டிரைவர் எல்லாம் பாட்டுப் பாடுறான், பல் வெளக்குறான், ஒருத்தனாவது கக்கூசு போயிருக்கானா? அதே படத்துல ஒரு தியேட்டர்ல ஆபரேட்டர் கேபினுக்குள்ள என்ன பண்ணிக்கிட்டு இருந்தான்னு ஒரு காட்சி வருது. அதை இங்க எழுத மாட்டேன். இந்தப் பத்திரிகையை உங்க அத்தையும் படிக்கிறா. பதினெட்டு வருசக் கேபின் வாழ்க்கையைப் பத்திக் கணக்குக் கேப்பா.

"ஒண்ணுமே நடக்கலையே மாமா"ன்னு ஒரு கட்டத்துல மொனகுன. வெண்டர்ஸ் கையில முழுக் கதையே இல்லாமத்தான் கெளம்பியிருக்கார். எந்த எந்த ஊர்ல எந்தத் தியேட்டர்னு வழி மட்டும் கையில இருந்துச்சு. மறுநாள் என்ன எடுக்குறதுன்னு மொத நாள் ராத்திரி எழுதி எழுதி எடுத்தது. நீ ஊருக்கு வர்றதுன்னா மூணு மாசம் முன்னாடி டிக்கெட்டைப் போட்டு, எந்த மோட்டல்ல காபி, எத்தனை நிமிசம்னு வரைக்கும் போன்ல குறிச்சு வச்சுட்டு வர்றவன். உனக்கு எப்படிப் புடிபடும்? அந்த மூணு மணி நேரமும் லாரி ஓடுற நேரத்தைவிட நின்ன நேரத்தைக் கவனி. பெட்ரோல் பங்குல, ரயில்வே ஸ்டேஷன்ல, பூட்டுன தியேட்டர் வாசல்ல, எல்லை ஓரத்துக் காவல் குடிசையில. நிக்கிற எடத்துலதான் ரெண்டு பயலும் மனசைத் தொறக்குறானுங்க. நான் அந்தச் சிலுவையைப் பத்தி வயித்தெரிச்சலோட அம்புட்டு நேரம் சொன்னது சும்மா இல்ல.

அப்புறம் கிரெயின் சங்கதி. "மாமா, 4கேன்னு சொல்லிட்டு புள்ளி புள்ளியா இருக்கு, நாய்ஸ் ரிடக்‌ஷன் போடட்டுமா?"ன்ன. தொட்ட கையை ஒடிச்சிருவேன்னேன், ஞாபகம் இருக்கா? பிலிம்னா அது வெள்ளி, மருமகனே. கண்ணுக்குத் தெரியாத வெள்ளித் துணுக்கு வெளிச்சம் பட்டுக் கறுத்துப்போய் அங்கங்க ஒட்டிக்கிட்டுக் கெடக்கு. அந்தத் துணுக்குக் கூட்டந்தான் புரூனோ, அதுதான் லாரி, அதுதான் ரோடு. அதைத் தேய்ச்சா மனுசனே போயிருவான். மெழுகு பொம்மைதான் மிஞ்சும். தூசி வேற, கீறல் வேற. எங்க டாக்கீசுக்கு ஆறாவது கை மாறி வர்ற பிரிண்ட்ல ஆரம்பத்துலேர்ந்து கடைசி வரைக்கும் மழை பெய்யும். கதாநாயகன் பாலைவனத்துல தண்ணி தண்ணின்னு கதறுவான். திரையில கோடு கோடா மழை கொட்டும். ஜனங்க "மேல பாருய்யா"ம்பாங்க. அந்த மழையை நிறுத்தத்தான் ரீமாஸ்டர். வெள்ளியைச் சொரண்ட இல்ல. எனக்குப் புரை எடுத்தவர் புரையை மட்டுந்தான் எடுத்தார். கண்ணு மினுமினுன்னு இருக்கட்டும்னு கருமணியையும் சேத்துச் சொரண்டியிருந்தா?

ஒரு கொறை மட்டும் சொல்லிக்கிறேன், இது எனக்கும் அந்த வட்டுக்கும் உள்ள சண்டை. படம் முழுக்க நான் வலது மேல் மூலையையே பாத்துக்கிட்டு இருந்தேன். நீ கண்ணு வலிக்குதான்னு கேட்ட. ரீல் முடியப் போகுதுன்னா அந்த மூலையில ஒரு புள்ளி மின்னும். ரெண்டு மெஷின் வச்ச பெரிய தியேட்டர்ல அதைப் பார்த்ததும் அடுத்த மெஷினை ஓட்டுவான். எங்களுக்கு ஒரே மெஷின். எங்களுக்குப் புள்ளின்னா "லைட்டைப் போடு, முறுக்கு விக்கிறவனை உள்ள விடு"ன்னு அர்த்தம். நெகட்டிவ்லேர்ந்து எடுத்த வட்டுல அந்தப் புள்ளி எங்க இருக்கும்? இல்ல. அம்பது வருசப் பழக்கம், என் காலு மட்டும் ரீலுக்கு ரீல் தானா எந்திரிச்சுக்கிச்சு. உன் மகன் அதைப் பாத்துச் சிரிச்சான்.

அந்தப் பய சிரிச்ச இன்னொரு எடம் இருக்கு. அந்த எடத்துல நீ எங்க இருந்த? பால்கனியில போன் பேசிக்கிட்டு இருந்த. அதனால சொல்றேன், கேட்டுக்க.

பள்ளிக்கூடப் புள்ளைங்களுக்கு ஒரு ஷோ. ஒலிபெருக்கி கெட்டுப்போச்சு. திரைக்குப் பின்னாடி இவனுங்க ரெண்டு பேரும் ரிப்பேர் பாக்க, புள்ளைங்க முன்னாடி கத்திக்கிட்டு கெடக்கு. பின்னாடி ஒரு வெளக்கு எரியுது. அதுல இவனுங்க நெழல் திரையில பெருசா விழுது. மொதல்ல அவனுங்களுக்கே தெரியல. புள்ளைங்க சிரிக்கிற சத்தம் கேட்டதும் ஒருத்தன் ஏணியில கூத்துக் காட்டுறான், இன்னொருத்தன் விழுற மாதிரி நடிக்கிறான். படமும் இல்ல, மெஷினும் இல்ல, வட்டும் இல்ல, 4கேயும் இல்ல. ஒரு துணி, ஒரு வெளக்கு, ரெண்டு ஆளு. உன் மகன் பாயில உருண்டு சிரிச்சான். அவனுக்கு ஜெர்மன் தெரியுமா, வெண்டர்ஸ் தெரியுமா?

ஏழு வயசுல நானும் அந்தச் சிரிப்புச் சிரிச்சவன். டாக்கீசுக்குப் பின்னாடி குப்பையில வெட்டிப் போட்ட பிலிம் துண்டு பொறுக்குவோம். பீஸ் போன குண்டு பல்பை நோகாம ஒடைச்சு உள்ள இருக்குறதை எல்லாம் எடுத்துட்டுத் தண்ணி ஊத்துவோம், அதுதான் லென்ஸு. வெளிய ஒருத்தன் மொகம் பாக்குற கண்ணாடியால வெயிலைப் புடிச்சு ஓட்டை வழியா உள்ள அனுப்புவான். இருட்டு வீட்டுக்குள்ள உங்க ஆச்சியோட பழைய சேலையில சிவாஜி தலைகீழா நிப்பார். படத்தைத் திருப்பிப் புடிச்சாத்தான் நேரா நிப்பார்னு எங்களுக்கு ரெண்டு நாள் கழிச்சுத்தான் ஒறைச்சுச்சு. அந்த ரெண்டு நாளும் நாங்க தலையைச் சாச்சுக்கிட்டுப் பார்த்தோம். டிக்கெட்டு ஒரு புளியங்கொட்டை.

கடைசிக் காட்சிக்கு நீ முழிச்சிருந்தியான்னு எனக்குச் சந்தேகம். அதனால அதையும் சொல்லிட்டு முடிக்கிறேன். உன்னைக் குத்துறதுக்கு எனக்கு அதுதான் ஊசி.

புரூனோ ஒரு தியேட்டருக்குப் போறான். அது ஒரு வயசான அம்மா நடத்துறது. அவ அப்பன் காலத்துத் தியேட்டர். நடத்துறதுன்னா என்ன, படம் போடுறதே இல்ல. இப்ப வர்ற படமெல்லாம் மனுசனை மனுசனா வச்சுக்கல, அதைப் போடுறதுக்குப் போடாம இருக்கலாம்னு ஒரு வைராக்கியம். ஆனா மெஷினை மட்டும் ரிப்பேர் பாத்து, எண்ணெய் விட்டு, எந்நேரமும் ஓட்டுற மாதிரி வச்சிருக்கு. நல்ல காலம் வந்தா ஓட்டுவாளாம். பாக்குறவன் எல்லாம் அந்தம்மாவுக்குக் கையெடுத்துக் கும்பிடுவான். நீயும் முழிச்சிருந்தா கும்பிட்டிருப்ப.

நான் கும்பிட மாட்டேன். ஓட்டாத மெஷினுக்கு எண்ணெய் விட்டா எண்ணெய்தான் பிசுபிசுன்னு காஞ்சு பிசினாகும். சிலுவை சுத்திக்கிட்டே இருந்தாத்தான் சுத்தும். எங்க டாக்கீஸ் மொதலாளிக்கும் வர்ற படம் எதுவும் புடிக்காது. வாய் நெறைய வைவார். "இந்தக் கண்றாவியையா போடப் போற?"ன்னு கேட்டுக்கிட்டே கார்பன் குச்சிக்குக் காசு எண்ணிக் குடுப்பார். ராத்திரி பத்து மணிக்குத் தரை டிக்கெட்டு மணல்ல மொத ஆளா படுத்து அதே கண்றாவியைப் பார்த்துச் சிரிப்பார். அவர்தான் தியேட்டர்காரர்.

இப்ப உன் அலமாரியைப் பத்திப் பேசுவோமா? நீ ஆபீஸ் போனதும் ஒரு நாள் எண்ணிப் பார்த்தேன். அறுபத்தி மூணு பெட்டி. ஜப்பான் படம், பிரெஞ்சுப் படம், சத்யஜித் ரே தனி வரிசை. அதுல நாப்பத்தி ஒண்ணு இன்னும் பிளாஸ்டிக் உறையே பிரிக்காம கெடக்கு. ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை மெல்லிசா ஒரு துணி எடுத்து வெளிக் கண்ணாடியைத் தொடைக்கிற. "நேரம் வரும்போது பாக்கணும் மாமா"ங்குற. அந்தம்மாவுக்கும் உனக்கும் என்ன வித்தியாசம்? அவளுக்காவது ஒரு கொள்கை இருந்துச்சு. உனக்கு ஆன்லைன்ல தள்ளுபடி இருந்துச்சு.

இந்தப் படமே, ஊரு ஊரா தியேட்டர் சாகுறதைப் பாத்துக்கிட்டே போற படம். அதைத் தியேட்டருக்குப் போகாத நீ, வீட்டுல, சோபாவுல, பாதியில எந்திரிச்சுப் போன் பேசிக்கிட்டுப் பாத்தா வெண்டர்ஸ் கோவிப்பாரான்னு கேக்காத. கோவிக்க மாட்டார், தொடச்சு வட்டுல போட்டு அனுப்புனதே அவருதான. போட்டுப் பாக்காம கண்ணாடிக்குள்ள பூட்டி வச்சாத்தான் கோவிப்பார். சரி, அவர் கோவத்தை விடு. எனக்குக் கோவம் வருது, அதைச் சொல்லு.

அடுத்த மாசம் வலது கண்ணுக்கும் புரை எடுக்கச் சொல்லியிருக்காங்க. நான் வர்றதுக்குள்ள அந்த மோஷன் ஸ்மூத்திங்கை அணைச்சு வை. ஜூமை எடுத்துரு. பளபளன்னு வெளிச்சத்தைக் கூட்டி வச்சிருக்கியே, அதைச் சினிமாவுக்குன்னு இருக்குற பொத்தானுக்கு மாத்து. எப்படி மாத்துறதுன்னு தெரியலேன்னா உன் மகனைக் கேளு; அவன் எனக்கு ஏற்கெனவே காட்டிட்டான். நீ குளிக்கப் போன நேரத்துல நாங்க ரெண்டு பேரும் மாத்திப் பார்த்தோம். திரும்ப உன் பழைய மாதிரியே வச்சுட்டோம், உனக்கு வித்தியாசம் தெரியுதான்னு பாக்க. தெரியல.

இந்தத் தடவை அந்த மூணு மணி நேரப் படத்தை மொதல்லேர்ந்து போடுறோம். உங்க அத்தையையும் கூட்டிட்டு வர்றேன். கேபின் காட்சி வரும்போது அவளைக் காபி போட அனுப்புறது உன் பொறுப்பு. போனை அரிசிப் பானைக்குள்ள போட்டுரு. ரிமோட் என் கையில இருக்கும். இடைவேளை ஒண்ணே ஒண்ணு, அதுவும் எனக்கு மூத்திரம் முட்டுதுங்குறதுக்காக. செவ்வாக்கெழமை வைகை எக்ஸ்பிரஸ்ல வர்றேன், ஸ்டேஷனுக்கு வா.